எலிஷா குக் ஜூனியரைப் பார்க்கத் தொடங்குவது எப்படி: பழைய ஹாலிவுட்டுக்குப் புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

1940, 50களின் அமெரிக்கப் படங்களுக்குள் நுழைகிறவர்கள் பெரும்பாலும் ஒரு நாயகனின் கையைப் பிடித்துக்கொண்டுதான் நுழைகிறார்கள். ஹம்ப்ரி போகார்ட் நடித்தது நாலு, அப்புறம் வேறொரு நட்சத்திரம் நடித்தது நாலு. தப்பில்லை. ஆனால் கொஞ்ச நாளில் ஒரு முகம் திரும்பத் திரும்பக் கண்ணில் படும். குள்ளமான ஆள், பெரிய கண்கள், இப்போதே அழுதுவிடுவானோ, இல்லை சுட்டுவிடுவானோ என்று தோன்றவைக்கும் ஒரு படபடப்பு. "இவரை எங்கேயோ பார்த்திருக்கோமே" என்று பெயரைத் தேடுவீர்கள். எலிஷா குக் ஜூனியர் என்று வரும்.

அவரையே கதவாக வைத்து அந்தக் காலத்து ஹாலிவுட்டுக்குள் போகலாம் என்பது என் யோசனை. குணச்சித்திர நடிகர்கள் ஏராளமானவர்கள் இருக்கும்போது ஏன் இவர் என்றால், இவரிடம் பார்க்கவேண்டியது தெளிவாகத் தெரியும். நாயகனுக்கு ஒன்றும் ஆகாது என்று நமக்கு முன்பே தெரியும். இவருக்கு அந்தக் காப்பீடு கிடையாது. பல படங்களில் இவர் சாகிற இடத்தில்தான் கதை விளையாட்டை விட்டு இறங்குகிறது. அதைச் சொல்லாமல் இவரைப் பற்றி எழுத முடியாது. அதனால் கீழே பல படங்களின் முடிச்சுகள் அவிழ்ந்துவிடும். அது பிடிக்காதவர்கள் படப் பெயர்களை மட்டும் குறித்துக்கொண்டு, பார்த்துவிட்டு வந்து மீதியைப் படிக்கலாம்.

உட்காரும் முன்

தேடும்போது படத்தின் ஆண்டையும் சேர்த்துத் தேடுங்கள். 'தி மால்டீஸ் ஃபால்கன்' 1931இலும் எடுக்கப்பட்டது. நமக்கு வேண்டியது 1941. 'தி பிக் ஸ்லீப்' 1978இல் மறுபடி எடுக்கப்பட்டது; நமக்கு வேண்டியது 1946. 'தி கில்லிங்' என்று வெறுமனே தட்டினால் ஒரு தொலைக்காட்சித் தொடர் வந்து நிற்கும். 1956 என்று சேர்த்தால்தான் ஸ்டான்லி குப்ரிக்கின் படம் வரும்.

கறுப்பு வெள்ளைப் படத்துக்கு வண்ணம் பூசிய பிரதி கிடைத்தால் ஒதுக்கிவிடுங்கள். 'மால்டீஸ் ஃபால்கன்' படத்துக்கு 1980களில் அப்படி வண்ணம் ஏற்றினார்கள். இயக்குநர் ஜான் ஹூஸ்டன் உயிரோடு இருந்தார், கடுமையாக எதிர்த்தார். அவர் பக்கம்தான் நியாயம். குக்கின் முகத்தில் பாதி வேலையை நிழல்தான் செய்கிறது. அதன்மேல் மாம்பழ நிறத்தைப் பூசினால் அந்த வேலை போய்விடும்.

ஆங்கில சப்டைட்டிலைத் தயங்காமல் போட்டுக்கொள்ளுங்கள். நன்றாக ஆங்கிலம் தெரிந்தவர்களுக்கும் இது தேவைப்படும். அந்தக் கால ரவுடிப் பேச்சு மின்னல் வேகத்தில் ஓடும். டிவியில் அசைவை மழமழவென்று ஆக்கும் வசதி இருந்தால் அணைத்துவிடுங்கள், இல்லையென்றால் எல்லாம் சீரியல் மாதிரித் தெரியும். இந்தப் படங்கள் ஒரு தளத்தில் நிலையாக இருப்பதில்லை, இன்று இருக்கும், அடுத்த மாதம் இருக்காது. பெரும்பாலானவை வாடகைக்கோ வட்டிலோ கிடைக்கும். 'ஹவுஸ் ஆன் ஹான்டட் ஹில்' (1959) மட்டும் அமெரிக்காவில் பதிப்புரிமை இல்லாத படம். இன்டர்நெட் ஆர்க்கைவில் இலவசமாகவே பார்க்கலாம். அதற்காக அதிலிருந்து ஆரம்பித்துவிடாதீர்கள்.

1. முதலில் 'தி மால்டீஸ் ஃபால்கன்'

ஒரு கறுப்புப் பருந்துச் சிலையைத் தேடி அலையும் கும்பல், நடுவில் சாம் ஸ்பேட் என்ற துப்பறிவாளராக போகார்ட். கும்பலின் தலைவர் கட்மன் (சிட்னி கிரீன்ஸ்ட்ரீட்), பருத்த உடம்பு, இனிக்க இனிக்கப் பேச்சு. அவருடைய துப்பாக்கி ஆள் வில்மர் குக், அந்த வேடத்தில்தான் நம் எலிஷா குக். பாத்திரத்துக்கும் நடிகருக்கும் ஒரே குடும்பப் பெயர் இருப்பது தற்செயல்தான். டேஷியல் ஹேமட் 1930இல் வெளியிட்ட நாவலிலேயே அந்தப் பெயர் இருக்கிறது.

படத்தில் எல்லாரும் வில்மரைப் பொடியன் என்கிற தோரணையில்தான் நடத்துகிறார்கள். அப்போது குக்குக்கு 37 வயது! அந்த உருவத்துக்குப் பெரியதாகத் தெரியும் ஒரு ஓவர்கோட், பைகளில் இரண்டு துப்பாக்கிகள். ஹோட்டல் முன்கூடத்தில் செய்தித்தாளுக்குப் பின்னால் உட்கார்ந்திருப்பவரிடம் போகார்ட் வந்து வம்பு வளர்க்கும் காட்சியை முதலில் பாருங்கள். மிரட்டுவது போலப் பேசுவது வில்மர், ஆனால் அந்த இடத்தை விட்டு விரட்டப்படுவதும் வில்மர்தான். பிறகு நடைகூடத்தில் ஸ்பேட் பின்னாலிருந்து கோட்டைக் கீழே இழுத்துக் கையை முடக்கி, இரண்டு துப்பாக்கிகளையும் பிடுங்கி, முதலாளியிடமே கொண்டுபோய்க் கொடுக்கிறார். அந்த அவமானம் குக்கின் முகத்தில் எப்படித் தங்குகிறது என்று கவனியுங்கள். அவர் அதை மறக்கவே மாட்டார். அடுத்த காட்சிகளில் வசனமே இல்லாமல் ஓரத்தில் நிற்கும்போதும் அது இருக்கும்.

படத்தின் கடைசிப் பகுதி முழுக்க ஒரு அறைக்குள் நடக்கிறது. போலீசுக்குப் பலி கொடுக்க ஒரு ஆள் வேண்டும், வில்மரைக் கொடுத்துவிடலாம் என்கிறார் ஸ்பேட். மகனைப் போன்றவன் என்று சொல்லும் கட்மன் கொஞ்ச நேரத்தில் சரி என்கிறார். சோபாவில் மயங்கிக் கிடந்த வில்மர் கண் விழிக்கும்போது எல்லாரும் தன்னையே பார்த்துக்கொண்டிருப்பதைக் காண்கிறார். ஹூஸ்டன் ஒவ்வொரு முகமாக நெருக்கத்தில் காட்டுகிறார், பிறகு வில்மரின் முகம். ஒரு வார்த்தை கிடையாது. தன்னை விற்றுவிட்டார்கள் என்பது கண்ணுக்குள் இறங்குவதைப் பார்க்கலாம். இத்தனைக்கும் வில்மர் நல்லவன் கிடையாது, கொலைகாரன். இருந்தும் அந்த நிமிஷத்தில் அந்த அறையில் நமக்கு மனது இளகுவது இவருக்கு மட்டும்தான்.

படம் பிடித்திருந்தால் 1931 பதிப்பையும் தேடிப் பாருங்கள். அதில் வில்மராக வருபவர் டுவைட் ஃபிரை, அதே ஆண்டு வந்த 'டிராகுலா'வில் பூச்சி தின்னும் ரென்ஃபீல்டாக நடித்தவர். அவரும் சாதாரண நடிகர் இல்லை. இரண்டு வில்மர்களையும் அடுத்தடுத்துப் பார்த்தால் குக் என்ன சேர்த்தார் என்று யாரும் விளக்காமலே புரியும்.

2. ஆளைப் பற்றிக் கொஞ்சம்

ஒரு படம் பார்த்த பிறகு வாழ்க்கைக் குறிப்பு படிப்பது நல்லது. முன்னாலேயே படித்தால் வெறும் ஆண்டுக் கணக்காகத்தான் இருக்கும்.

1903 டிசம்பர் 26 அன்று சான் ஃபிரான்சிஸ்கோவில் பிறந்தார். மால்டீஸ் ஃபால்கன் கதை நடக்கும் அதே ஊர். வளர்ந்தது சிகாகோவில். பதின்ம வயதிலேயே மேடை ஏறிவிட்டார். பெயர் கிடைத்தது 1933இல், யூஜின் ஓ'நீலின் 'ஆ, வில்டர்னஸ்!' நாடகம் பிராட்வேயில் அரங்கேறியபோது. அப்பாவாக நடித்தவர் அன்றைய பெரிய மேடை நட்சத்திரம் ஜார்ஜ் எம். கோஹன்; காதலிலும் கவிதையிலும் மூழ்கிக் கிடக்கும் மகன் ரிச்சர்டாக குக். அப்படி ஒரு மென்மையான பையன் வேடத்தில் பாராட்டு வாங்கியவரைத்தான் ஹாலிவுட் கூப்பிட்டு, கல்லூரி மாணவன், எடுபிடி, ரவுடி, பயந்தாங்கொள்ளி என்று வரிசையாகக் கொடுத்தது. அந்த ரிச்சர்ட் முழுசாகப் போய்விடவில்லை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. வில்மரின் கண்ணில் தண்ணீர் திரளும்போது தெரிவது அவன்தான்.

அவருடைய படங்களை எடுத்த கம்பெனிகளின் பட்டியலைப் பாருங்கள்: 1940இல் ஆர்கேஓ, 1941இல் ஃபாக்ஸும் வார்னரும், 1944இல் யுனிவர்சல், 1953இல் பாரமவுன்ட். பெரிய நட்சத்திரங்கள் ஒரே ஸ்டுடியோவின் ஒப்பந்தத்தில் கட்டுண்டு கிடந்த காலம் அது. குணச்சித்திர நடிகருக்கோ சில நாள் வேலை இங்கே, சில நாள் வேலை அங்கே. அதனால்தான் ஹாலிவுட்டின் எந்த மூலைக்குப் போனாலும் இந்த முகம் எதிர்ப்படுகிறது.

துணை நடிகருக்கான ஆஸ்கர் 1936ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து தொடங்கியது. வால்டர் பிரென்னன் என்ற குணச்சித்திர நடிகர் 1936, 1938, 1940 என்று மூன்று ஆண்டுப் படங்களுக்கு அதை வாங்கினார். குக் ஒருமுறை கூட அந்தப் பரிந்துரைப் பட்டியலில் வந்ததில்லை.

இன்னொரு செய்தி எனக்கு ரொம்பப் பிடித்தது. ஹூஸ்டன் தன் வாழ்க்கை வரலாற்றில் எழுதியிருக்கிறார்: குக் ஹாலிவுட் பக்கம் தங்காமல் சியரா மலைமேல் தனியாக இருந்தாராம், தூண்டிலுக்கு இறகுப் பூச்சி கட்டிக்கொண்டு, தங்க டிரவுட் மீன் பிடித்துக்கொண்டு. படத்துக்கு ஆள் தேவைப்பட்டால் மலைக்குச் சேதி அனுப்பவேண்டும். இறங்கி வருவார், நடித்து முடிப்பார், திரும்ப மேலே போய்விடுவார். திரையில் நகரத்துச் சந்துகளில் வியர்த்து ஒளிகிற ஆளுக்கு நிஜத்தில் ஏரிக்கரை வாழ்க்கை.

3. 'ஷேன்' (1953): அந்தச் சேற்றுத் தெரு

அடுத்து இதைப் பாருங்கள். வண்ணப் படம், கௌபாய்க் கதை. இருட்டுப் படங்களுக்கு நடுவில் ஒரு மாற்றமாகவும் இருக்கும். ஜார்ஜ் ஸ்டீவன்ஸ் இயக்கம், வயோமிங் மலையடிவாரத்தில் எடுத்தது. நிலத்தைப் பிடித்துக் குடியேறிய ஏழை விவசாயிகள் ஒரு பக்கம், அவர்களை விரட்டப் பார்க்கும் மாட்டுப் பண்ணைக்காரர் மறு பக்கம். குக் ஒரு விவசாயி, பெயர் டோரி, அலபாமாக்காரர். உள்நாட்டுப் போரில் தோற்ற தென்பகுதியின் ரோஷம் முழுக்க அவர் ஒருவரிடம்தான் இருக்கிறது போலப் பேசுவார். கூட இருப்பவர்கள் தென்பகுதித் தளபதி ஒருவரின் பட்டப்பெயரான 'ஸ்டோன்வால்' என்பதையே இவருக்கும் வைத்துச் சீண்டுவார்கள்.

கூலிக்குக் கொல்லும் வில்சனாக ஜாக் பேலன்ஸ் ஊருக்குள் வருகிறார். டோரியும் இன்னொரு விவசாயியும் ஊருக்கு வரும்போது மழை பெய்து தெரு சேறாகக் கிடக்கிறது. மதுக்கடை வாசலின் மரத் திண்ணையில் வில்சன், காய்ந்த பலகைமேல் நிதானமாக நடக்கிறார். கீழே சேற்றில் வழுக்கி வழுக்கி டோரி. இந்த ஏற்ற இறக்கத்திலேயே முடிவு தெரிந்துவிடுகிறது. வில்சன் தென்பகுதித் தளபதிகளை இழிவாகப் பேசிச் சீண்டுகிறார். டோரி தாங்கமுடியாமல் பொய்யன் என்று திருப்பிச் சொல்கிறார். நிரூபி என்கிறார் வில்சன்.

டோரி துப்பாக்கியை எடுக்கிறார், ஆனால் பாதி தூக்கும் முன்பே வில்சனின் துப்பாக்கி தயாராக இருக்கிறது. அங்கே ஒரு இடைவெளி வரும். அதுதான் நீங்கள் பார்க்கவேண்டியது. வில்சன் உடனே சுடுவதில்லை. டோரியின் கை அப்படியே நிற்கிறது. தப்புப் பண்ணிவிட்டோம், பின்வாங்கலாமா என்று முகத்தில் ஒரு கேள்வி வருகிறது, பதில் வரும் முன் குண்டு வருகிறது. குக்கின் உடம்பில் கம்பி கட்டி, வெடிச் சத்தத்தோடு பின்னால் இழுத்தார்கள். அவர் பறந்துபோய்ச் சேற்றில் மல்லாக்க விழுகிறார். அதுவரை கௌபாய்ப் படங்களில் சுடப்பட்டவர்கள் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு நாகரிகமாகச் சரிவார்கள். ஸ்டீவன்ஸ் இரண்டாம் உலகப்போரில் ராணுவப் படப்பிடிப்புக் குழுவோடு ஐரோப்பாவில் இருந்தவர். ஒரு குண்டு என்ன செய்யும் என்பதைப் பார்க்கிறவர்கள் உணரவேண்டும் என்றுதான் சத்தத்தையும் அத்தனை பெரிதாக வைத்தார்.

அடக்கம் செய்யும் காட்சியையும் தவறவிடாதீர்கள். டோரியின் நாய் சவப்பெட்டியைக் காலால் சுரண்டும். ஒருவர் மவுத் ஆர்கனில் தென்பகுதியின் 'டிக்ஸி' பாட்டை வாசிப்பார். உயிரோடு இருந்தபோது கேலிக்குரியவராக இருந்தவருக்காக ஊரே நிற்கிறது. ஷேன் என்கிற நாயகன் கடைசியில் துப்பாக்கி எடுத்தே ஆகவேண்டும் என்று நம்மை நம்பவைப்பது இந்தச் சாவுதான்.

4. 'தி பிக் ஸ்லீப்' (1946): கதையைத் துரத்தாதீர்கள்

ஹவர்ட் ஹாக்ஸ் இயக்கிய இந்தப் படத்தில் யார் யாரைக் கொன்றார்கள் என்று கணக்கு வைக்கப் பார்த்தால் தலை சுற்றும். நாவலாசிரியர் ரேமண்ட் சாண்ட்லரிடம் கதையில் சாகும் கார் ஓட்டுநரைக் கொன்றது யார் என்று கேட்டதற்குத் தனக்கும் தெரியாது என்று சொன்னதாகப் பிரபலமான கதையே உண்டு. புதிதாகப் பார்ப்பவர்கள் காட்சி காட்சியாக ரசித்துக்கொண்டு போனால் போதும். 1945இல் தயாரான முந்தைய வடிவம் ஒன்றும் வட்டுகளில் கிடைக்கிறது. முதல் தடவைக்கு 1946 வடிவமே சரி.

குக் வருவது பிற்பாதியில், ஹாரி ஜோன்ஸ் என்ற சின்ன ஆளாக, சில நிமிஷங்களுக்கு மட்டும். துப்பறிவாளர் மார்லோவை (மறுபடியும் போகார்ட்) சிலர் சந்தில் அடித்துப் போடுகிறார்கள். அதைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, பிறகு வந்து கைகொடுக்கிறார் ஜோன்ஸ். முன்பே ஏன் உதவவில்லை என்றால், அடுத்தவர் ஆட்டத்தில் நான் தலையிடுவதில்லை என்கிற மாதிரி ஒரு பதில். ஆக்னஸ் என்ற பெண்ணைக் கல்யாணம் செய்துகொள்ளப்போகிறாராம். அவளிடம் இருக்கும் தகவலுக்கு 200 டாலர் கேட்கிறார். ஆக்னஸ் எப்படிப்பட்டவள் என்று நமக்கு ஏற்கெனவே தெரியும். இவருக்குத் தெரிந்ததாகக் காட்டிக்கொள்ள மாட்டார்.

பிறகு ஒரு இருட்டு அலுவலகம். கனீனோ என்ற கொலைகாரன் ஆக்னஸின் விலாசத்தைக் கேட்கிறான். மார்லோ அடுத்த அறையில் மறைந்து நின்று கேட்டுக்கொண்டிருக்கிறார். ஜோன்ஸ் ஒரு விலாசத்தைச் சொல்லிவிடுகிறார். நல்லது, ஒரு வாய் குடி என்று கனீனோ கோப்பையை நீட்டுகிறான். அதில் இருப்பது விஷம். குக் எப்படிக் குடிக்கிறார் என்று பாருங்கள்: குடித்தால் என்ன ஆகும் என்று பாதி தெரிந்த ஆள், தெரியாத மாதிரி ஒரு சிரிப்போடு. ஆனால் அவர் கொடுத்த விலாசம் பொய். படம் முழுக்க எல்லாரும் எல்லாரையும் காட்டிக் கொடுக்கிறார்கள், காட்டிக் கொடுக்காமல் சாகிறவர் இந்தக் குள்ள மனிதர் ஒருவர்தான். போகார்ட் கேலியை மறந்து உண்மையிலேயே கோபப்படுவது இதற்குப் பிறகுதான்.

5. 'தி கில்லிங்' (1956): நீளமான வேடம்

இதுவரை பார்த்தது ஓரத்து வேடங்கள். இதில் கதையைக் கவிழ்ப்பதே இவர்தான். 27 வயது குப்ரிக் எடுத்த குதிரைப் பந்தயக் கொள்ளைப் படம்; ஒன்றரை மணிநேரம் கூட ஓடாது. குக் ஜார்ஜ் பீட்டி, பந்தய மைதானத்தில் பணம் வாங்கும் காசாளர். மனைவி ஷெர்ரியாக மேரி வின்ட்சர், கணவனைவிட நல்ல உயரம், வாயைத் திறந்தால் ஊசி. வயிற்றில் வலிக்கிறது என்று ஜார்ஜ் சொன்னால், ஓட்டை விழுந்திருக்குமோ என்று சோபாவில் சாய்ந்தபடி கேட்பாள். அவளிடம் ஒருமுறையாவது பெரிய ஆளாகத் தெரியவேண்டும் என்பதற்காக ஜார்ஜ் கொள்ளைத் திட்டத்தை உளறுகிறார். அவள் அதைத் தன் கள்ளக் காதலனிடம் சொல்கிறாள். மீதியை நீங்களே ஊகிக்கலாம்.

வீட்டுக் காட்சிகளை இரண்டு தடவை பாருங்கள். முதல் தடவை கண் தானாக வின்ட்சர் பக்கம் போகும், வசனம் எல்லாம் அவருக்குத்தான். இரண்டாம் தடவை குக்கை மட்டும் பாருங்கள். ஒவ்வொரு குத்தலுக்கும் முதலில் அது வேடிக்கைப் பேச்சாக இருக்குமோ என்று முகம் நம்பிப் பார்க்கிறது, அப்புறம்தான் வலிக்கிறது. கடைசியில் ரத்தம் தெறித்த அதே முகத்தோடு தள்ளாடி வீட்டுக்கு வந்து அவளைச் சுட்டுவிட்டு, கிளிக்கூண்டையும் இழுத்துக்கொண்டு விழுகிறார். ஐந்து நிமிஷம் முன்பு வரை நாம் சிரித்துக்கொண்டிருந்த தம்பதி.

6. மீதியில் எதைப் பொறுக்குவது

'ஃபேண்டம் லேடி' (1944) முழுப் படமாகச் சுமார்தான், என் கணக்கில். ஆனால் குக் ட்ரம்ஸ் வாசிக்கும் காட்சிக்காகவே பார்க்கலாம். நிரபராதி ஒருவரைக் காப்பாற்ற, நாயகி (எலா ரெயின்ஸ்) மலிவான உடையில் வந்து இந்த ட்ரம்ஸ்காரரை மயக்கிப் பேச்சுக் கொடுக்கிறாள். அவர் அவளை ஜாஸ் கலைஞர்கள் கூடும் ஒரு நெரிசலான அறைக்குக் கூட்டிப்போய் வாசித்துக் காட்டுகிறார். வியர்வை வழிய, பல்லைக் காட்டியபடி வேகம் ஏறிக்கொண்டே போகிறது. முத்தத்துக்கே தணிக்கைக்காரர்கள் அளவு பார்த்த அந்தக் காலத்தில் இது எப்படித் தப்பியது என்று ஆச்சரியமாக இருக்கும்.

அப்புறம் அந்த இலவசப் படம், 'ஹவுஸ் ஆன் ஹான்டட் ஹில்'. பேய் வீட்டில் ஒரு இரவு தங்கினால் ஆளுக்கு 10,000 டாலர் என்று அழைக்கும் பணக்காரராக வின்சென்ட் பிரைஸ். வீட்டின் சொந்தக்காரராக, குடித்துக்கொண்டே எல்லாரையும் எச்சரிக்கும் பிரிச்சர்டாக குக். கூட இருப்பவர்கள் பாதி விளையாட்டாக நடிக்கும்போது இவர் மட்டும் பேய் இருப்பதாகவே நம்பி நடிக்கிறார். 'ரோஸ்மேரிஸ் பேபி' (1968) படத்தின் தொடக்கத்தில் அந்த அடுக்குமாடி வீட்டைச் சுற்றிக்காட்டும் ஆளாகவும் இவரைப் பிடிக்கலாம். கண் சிமிட்டினால் போய்விடும்.

தொலைக்காட்சியில் கடலளவு இருக்கிறது. எல்லாவற்றையும் துரத்தவேண்டாம். 'ஸ்டார் டிரெக்' என்ற விண்வெளிக் கதையின் பழைய தொடரில் 1967இல் வந்த 'கோர்ட் மார்ஷியல்' பகுதி ஒன்று போதும்: கணினியை நம்பாமல் அச்சுப் புத்தகங்களைக் குவித்து வைத்துக்கொண்டு விண்கலத்தின் கேப்டன் கிர்க்குக்காக வாதாடும் வக்கீல் காக்லி. ஜெயிக்கிற குக்கைப் பார்ப்பதே அபூர்வம். 1980களில் 'மேக்னம், பி.ஐ.' தொடரில் 'ஐஸ் பிக்' என்ற வயதான நிழலுலக மனிதராகத் திரும்பத் திரும்ப வந்தார். 1975இல் 'தி பிளாக் பேர்ட்' என்ற கேலிப் படத்தில் மறுபடி வில்மராகவே நடித்தார். அது ஆர்வக்கோளாறு உள்ளவர்களுக்கு மட்டும். 1995 மே 18 அன்று கலிஃபோர்னியாவின் பிக் பைனில், சியரா மலையடிவாரத்தில், 91 வயதில் காலமானார். மால்டீஸ் ஃபால்கனின் முக்கிய நடிகர்களில் கடைசியாக இருந்தவர் அந்தப் 'பொடியன்'தான்.

7. இவருக்குப் பிறகு யார்

தெல்மா ரிட்டர். துணை நடிகைக்கான ஆஸ்கருக்கு ஆறு தடவை பரிந்துரைக்கப்பட்டு ஒருமுறையும் வாங்காதவர். ஹிட்ச்காக்கின் 'ரியர் விண்டோ' (1954) படத்தில் நர்ஸாக வந்து வாயடிப்பவர் என்று பலருக்கு நினைவிருக்கும். நீங்கள் அதிலிருந்து தொடங்காமல் 'பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்' (1953) படத்திலிருந்து தொடங்குங்கள். அதில் கழுத்தில் கட்டும் டைகளை விற்றுக்கொண்டே போலீசுக்குத் துப்புச் சொல்லும் மோ என்ற கிழவி அவர். பிச்சைக்காரர்களுக்கான புதைகுழியில் போய்விடக் கூடாது என்று கல்லறைக்குக் காசு சேர்ப்பவள். ஹாரி ஜோன்ஸிடம் கேட்ட மாதிரியே அவளிடமும் ஒரு கொலைகாரன் ஒரு விலாசம் கேட்டு வருவான்.